ஒரு மூச்சுக்கு ஒரு படம்

திருச்சி ஜங்ஷன். நாகப்பட்டினம் போகும் வண்டிக்கு மணி அடித்தாகிவிட்டது. மூன்றாவது பெட்டியின் ஜன்னலிலிருந்து ஒரு கை நீண்டிருக்கிறது. முழுக்கைச் சட்டை, உலோகப் பட்டை போட்ட கடிகாரம், விரித்த உள்ளங்கை. என் மைத்துனர் சூசைநாதனின் கை.

"குடு செசிலி. வண்டி கிளம்பப் போவுது."

செசிலி என் மனைவி. அவள் அந்தக் கையைத்தான் பார்த்துக்கொண்டிருந்தாள். ஆனால் கேமராவின் வழியாக. அந்தக் கை கேட்டதோ அதே கேமராவைத்தான். அது அவள் வலது கண்ணோடு ஒட்டி, கிர்ரென்று ஓடிக்கொண்டிருந்தது. அவள் மூச்சு விடவில்லை.

நான் பக்கத்தில் நின்று என் கைக்கடிகாரத்தைப் பார்த்துக்கொண்டிருந்தேன். அது என் வேலை.

கேமரா அந்தக் கைக்குப் போய்ச் சேர்ந்தால், செசிலி இரண்டரை வருடமாகச் செய்துவந்த காரியம் அன்றோடு முடிந்தது. அது அந்த நிலைக்கு வந்ததற்குக் காரணம் ஒரு தவறு. தவறு என்னுடையது. அதனால் வண்டியை அங்கேயே சற்று நிறுத்திவிட்டு, முதலிலிருந்து வருகிறேன்.

தேதி போடாத டைரிக்காரன்

இந்தத் தொடரை இந்த வாரம்தான் பார்க்கிறவர்களுக்காக: நான் பாசன அலுவலகம் ஒன்றில் குமாஸ்தா. தினமும் காலையில் காவிரியின் நீர்மட்டத்தை அடி, அங்குலக் கணக்கில் பதிவேட்டில் ஏற்ற வேண்டும். ஆறு லீவு போடுவதில்லை; நானும் அதிகம் போட்டதில்லை. அந்தப் பழக்கம் வீட்டுக்கும் தொற்றி, இருபது வருடமாக டைரி எழுதுகிறேன். மழை எத்தனை மணிக்கு ஆரம்பித்தது என்பது மட்டுமல்ல, எத்தனை மணிக்கு நின்றது என்பதும் அதில் இருக்கும்.

எழுத ஒப்புக்கொண்டபோது ஆசிரியர் ஒரே ஒரு நிபந்தனை போட்டார். "சார், தேதி மட்டும் வேண்டாம். படிக்கறவங்க கோர்ட்டுல சாட்சி சொல்லக் கூப்பிட்ட மாதிரி மிரண்டுடுவாங்க."

பல்லைக் கடித்துக்கொண்டு சரி என்றேன். ஆகவே அறுபதுகளின் தொடக்கம் என்பதோடு நிறுத்திக்கொள்கிறேன். நாளும் நேரமும் டைரியில் இருக்கின்றன. நேரில் வருகிறவர்களுக்குக் காட்டத் தடையில்லை.

பினாங்கிலிருந்து வந்த பெட்டி

சூசைநாதன் செசிலிக்கு நான்கு வயது மூத்தவர். பினாங்குத் துறைமுகத்தில் ஒரு கம்பெனியில் உத்தியோகம். ஒரு முறை லீவில் வந்தபோது ஒரு பெட்டியைக் கொண்டுவந்து எங்கள் மேலப்புதூர் வீட்டு மேஜையில் வைத்தார். உள்ளே கைக்கு அடக்கமான சினிமா கேமரா, அதைவிடக் கொஞ்சம் பெரிய புரொஜெக்டர், பதின்மூன்று தகர டப்பாக்களில் ஃபிலிம்.

"நான் அங்க தனியா உக்காந்திருக்கேன் செசிலி. இங்க இருக்கற முகமெல்லாம் மறந்துபோவுது. எல்லாரையும் எடுத்து வை. அடுத்த தடவ வந்து பாக்கறேன்."

அவள்தான் எடுக்க வேண்டும் என்று அவர் முடிவு செய்ததற்குக் காரணம் உண்டு. அவள் பெண்கள் பள்ளியில் பூகோளம் சொல்லிக்கொடுத்தாள். கரும்பலகையில் இந்தியா வரைபடத்தைச் சாக்பீஸை எடுக்காமல் ஒரே கோட்டில் போட்டு முடிப்பாள். கை நடுங்காது.

அந்தக் கேமராவின் ஃபிலிமுக்கு ஒரு விசேஷம் உண்டு. பின்னால் வரப்போகும் விபத்துக்கு அது தேவைப்படும் என்பதால் இங்கேயே சொல்லிவிடுகிறேன். ஃபிலிம் ஒரு முறை முழுக்க ஓடினால் அதன் பாதி அகலத்தில்தான் படம் விழும். பிறகு நிழலான இடத்தில் கேமராவைத் திறந்து, சுருளைத் திருப்பிப் போட்டு மறுபடி ஓட்டினால் மறு பாதியில் விழும். பம்பாய்க்குத் தபாலில் அனுப்பினால், கழுவி, நடுவில் இரண்டாகக் கீறி, ஒட்டி அனுப்புவார்கள். பக்கத்துக்கு இரண்டு நிமிடம், ரோலுக்கு நான்கு நிமிடம்.

மூன்றாவது முறை ஓட்டினால் கேமரா தடுக்காது. அதற்கு ஒன்றும் தெரியாது. தெரிந்திருக்க வேண்டியவன் நான்.

முதல் ரோலில் செசிலி, அண்ணன் சொன்னபடியே சொந்தக்காரர்களை வரிசையாக நிறுத்தி எடுத்தாள். பம்பாயிலிருந்து வந்ததும் சுவரில் வேட்டி கட்டி ஓட்டிப் பார்த்தோம். எல்லாரும் ஏறினார்கள், இறங்கினார்கள்.

"என்னங்க இது, எல்லாரும் படகுல நிக்கறாங்க?" என்றாள்.

இன்னொரு முறை ஓட்டச் சொன்னாள். மூன்றாம் முறை சுவர்ப் பக்கம் பார்க்காமல் தன் நெஞ்சில் கை வைத்துக்கொண்டு பார்த்தாள். "நான் மூச்சு விடறேன். அதான் எல்லாரும் ஆடறாங்க."

அன்று வந்தது அந்த விதி. மூச்சை இழுத்துப் பிடித்ததும் ஷாட் ஆரம்பம். மூச்சு தீர்ந்ததும் ஷாட் முடிவு. நடுவில் என்ன நடந்தாலும் நிறுத்தக் கூடாது, பிறகு வெட்டவும் கூடாது. கிடைத்தது கிடைத்தபடி.

நோட்டும் கடிகாரமும்

எனக்கு உத்தியோகம் கிடைத்தது இப்படித்தான். கோடு போட்ட நோட்டில் கட்டங்கள் பிரித்தேன். ரோல் எண், பக்கம், இடம், பொருள். பிறகு ‘மூச்சு’ என்று ஒரு கட்டம், ‘ஓட்டம்’ என்று ஒரு கட்டம். மூச்சு என்பது செசிலி தாங்கிய விநாடி. ஓட்டம் என்பது கேமரா ஓடிய விநாடி. அது சாவி கொடுத்து ஓட்டுவது. முழுச் சாவிக்கு இருபத்தொன்பது விநாடி ஓடும். ஃபிலிம் இல்லாமல் பத்து முறை ஓட்டிப் பார்த்து உறுதி செய்தது.

இரண்டு கட்டம் எதற்கு என்று செசிலி கேட்டாள். "என் மூச்சு எங்க இருபத்தொம்பது வரைக்கும் வரப்போவுது? பதினேழு, பதினெட்டுதான்." உண்மைதான். இரண்டு கட்டத்திலும் எப்போதும் ஒரே எண்தான் வந்தது. இருந்தாலும் கட்டம் கட்டம்தான்.

ஞாயிற்றுக்கிழமை பூசை முடிந்ததும் சத்திரம் பஸ் ஸ்டாண்டில் பஸ் ஏறி, காவிரிப் பாலம் தாண்டி, ஸ்ரீரங்கத்தில் அம்மா மண்டபத்து வாசலில் இறங்குவோம். அவளுக்கு அந்தப் படித்துறை பிடிக்கும். ஆனால் குளிப்பவர்களை எடுக்கமாட்டாள். அவர்கள் ஏறிப் போன பிறகு கல்லில் இருக்கும் ஈரப் பாதங்களை எடுப்பாள். வெயிலில் முதலில் குதிகால் காயும், பிறகு நடு, கடைசியில் விரல்கள். ஐந்து சொட்டாக நின்று, அவையும் போகும். வைகாசி வெயிலில் இதற்குப் பதினெட்டு விநாடி ஆகும். அவள் மூச்சும் பதினெட்டு.

முதல் நாள் இதைப் பார்த்த பூக்காரம்மா பதறிப்போய் என்னிடம் வந்தார்.

"ஏன் சார், அந்தம்மாவுக்கு என்ன, வலிப்பா? மூஞ்செல்லாம் செவந்து போச்சே."

"இல்லம்மா, படம் எடுக்கறாங்க."

"எதை?"

"காலடியை."

பூக்காரம்மா கல்லைப் பார்த்தார். காலடி காய்ந்துவிட்டிருந்தது. என்னைப் பார்த்தார். "நல்ல டாக்டரா பாருங்க சார்" என்றார்.

இப்படி ஒவ்வொரு ரோலாகப் போனது. கழிகளில் காயும் புடவை வயிற்றை உப்பிக்கொண்டு பிறகு விடுவது. தொட்டியத்திலிருந்து வரும் வாழைத்தார் லாரியின் பின்புறம். வெறும் இலைகளின் ஆட்டம். பஸ் கண்டக்டரின் தோல் பை, அதற்குள் போய் வரும் கை.

"முகமே இல்லையே செசிலி. மச்சான் கேட்டது முகம்தானே" என்று ஒரு நாள் நினைவுபடுத்தினேன்.

"முகத்தை எல்லாரும் பாத்துடறாங்க. மத்ததெல்லாம் பாவம், யாரு பாக்கறா?"

அதைத் தேதியோடு எழுதிவைத்திருக்கிறேன்.

வாய்க்கால் வழக்கு

இங்கே ஒரு பழைய விஷயம். அண்ணனும் தங்கையும் சின்ன வயதில் உய்யக்கொண்டான் வாய்க்காலில் முங்கிப் பந்தயம் போடுவார்களாம். ஒருவர் முங்கினால் மற்றவர் கரையில் நின்று சத்தமாக எண்ண வேண்டும். முங்கியவர் தலை தூக்கும்வரை தொடக் கூடாது, கூப்பிடக் கூடாது, எண்ணுவதை நிறுத்தவும் கூடாது.

சூசைநாதன் சொல்வது: "இவ ஒரு நாளும் முப்பதைத் தாண்டினதில்ல மாப்ள. நான் அம்பது."

செசிலி சொல்வது: "நான் உள்ள இருக்கறப்ப இவன் மெதுவா எண்ணுவான். இருபத்தொம்பது சொல்லிட்டு நின்னு தும்முவான். அப்புறம்தான் முப்பது. இவன் முங்கறப்ப நான் அப்படியெல்லாம் செய்யல."

இரு தரப்பையும் பதிவு செய்திருக்கிறேன். கடிகாரம் இல்லாத பந்தயத்தில் தீர்ப்பு சொல்ல எனக்கு வழியில்லை.

ஆள் எங்கே?

இரண்டரை வருடம் கழித்து சூசைநாதன் வந்தார், மனைவி மேரியோடும் இரண்டு பெண்களோடும். ஆறு வாரம் லீவு. வந்த மறுநாள் மத்தியானமே ஜன்னலுக்குப் போர்வை கட்டி, படம் ஓட்டினோம். மேரி அண்ணி கையில் விசிறி. மச்சான் முன் நாற்காலியில் நிமிர்ந்து உட்கார்ந்தார்.

முதல் ரோலில் ஆடும் சொந்தக்காரர்கள் வந்தார்கள். மச்சான் ஒவ்வொருவரையும் பெயர் சொல்லிக் கூப்பிட்டார். அது நான்கு நிமிடம். பிறகு காலடி. பிறகு புடவை. பிறகு வாழை இலை.

"ஆள் எங்க?" என்றார்.

"வரும்" என்றேன் நான், கோழைத்தனமாக.

பதினொரு ரோல் ஓடி முடிந்தது. போர்வையை அவிழ்த்தபோது மச்சானின் கண் கலங்கியிருந்தது. கோபமாக இருந்தால் சமாளித்திருக்கலாம்.

"அங்க கம்பெனி குடுத்த லயன் வீட்டுல உக்காந்து, இங்க நம்ம சித்தப்பா மொகத்தைப் பாக்கறதா நெனச்சிக்கிட்டு இருந்தேன். நீ கண்டக்டர் பையை எடுத்து வச்சிருக்க."

செசிலி புரொஜெக்டரிலிருந்து சுருளைக் கழற்றினாள்.

"சரி, ஒண்ணு செய். நாங்க நாலு பேரும் நிக்கறோம், சொந்தக்காரங்களும் வரட்டும். ஒழுங்கா, மொகம் தெரிய ஒரு படம் எடுத்துக் குடு. அது நல்லா வந்தா கேமரா உங்கிட்டயே இருக்கட்டும். இல்லன்னா நான் எடுத்துட்டுப் போயிடறேன். அங்க என் பிள்ளைங்களையாவது எடுப்பேன்."

நியாயமான பேச்சு. செசிலிக்கும் அது தெரியும். "எடுக்கறேன் அண்ணே" என்றாள்.

பாதி ரோல்

அலமாரியில் இரண்டு டப்பா மிச்சம் இருந்தது. ஒன்று உடைக்காத புது ரோல். இன்னொன்றில் என் கையெழுத்தில் ஒரு சீட்டு: ‘பக்கம் ஒன்று முடிந்தது. பக்கம் இரண்டு பாக்கி.’

இந்த இடத்தில் யாராக இருந்தாலும் புதியதைத்தான் எடுத்திருப்பார்கள். நான் அப்படி வளர்ந்தவன் அல்ல. எங்கள் அலுவலகத்தில் பழைய மைப்புட்டி தீராமல் புதியதின் மூடி திறக்கக் கூடாது. பாதி ரோல் இருக்கும்போது புதிதை உடைப்பதா? நோட்டைப் பார்த்தேன், சீட்டைப் பார்த்தேன், இரண்டும் ஒத்துப்போயின. பாதி ரோலைக் கேமராவில் போட்டுக் கொடுத்தேன்.

எனக்குத் தெரியாதது இது: சில வாரங்களுக்கு முன் அம்மா மண்டபத்தில், நான் ஆற்றுமட்டக் கல்லைப் பார்த்துவிட்டு வரப் போயிருந்தபோது, செசிலி குடை நிழலில் சுருளைத் திருப்பிப் போட்டு இரண்டாம் பக்கத்தையும் முடித்துவிட்டிருந்தாள். துணி துவைக்கிறவர்களைக் கண்டதும் அவளுக்குப் பொறுக்கவில்லை. என்னிடம் சொல்ல மறந்துவிட்டாள். என் நோட்டில் பிழை இல்லை. உலகம்தான் நோட்டைவிட ஒரு பக்கம் முன்னால் போயிருந்தது.

படப்பிடிப்பு மாதா கோயில் மதிலோரம் நடந்தது. மச்சான் கோட்டு போட்டிருந்தார். செசிலி எல்லாரையும் நேராக நிறுத்தி, முகம் முகமாக, மூச்சைப் பிடித்து, ஒரு குறையும் சொல்ல முடியாதபடி எடுத்தாள். பல் பிடுங்கிக்கொள்ளும் பொறுமை அது. ரோல் பம்பாய்க்குப் போனது.

பதினாறு அடி

மச்சான் கிளம்ப மூன்று நாள் இருக்கும்போது பார்சல் வந்தது. மறுபடி மத்தியானம், மறுபடி போர்வை. எல்லாரும் பலகாரத்தோடு உட்கார்ந்தார்கள்.

சுவரில் மச்சான் தோன்றினார். கோட்டு, டை, நேர் வகிடு. முகம் துல்லியமாக இருந்தது. "ஆங்" என்றார் திருப்தியாக.

அப்போது அவர் மார்புக்குள்ளிருந்து ஒரு ஆள் எழுந்தான். இடுப்பில் துண்டு. கையில் முறுக்கிய ஈரத்துணி. அதைத் தலைக்கு மேலே ஓங்கி, மச்சானின் நேர் வகிட்டில் ஓர் அடி.

யாருக்கும் ஒன்றும் புரியவில்லை. அந்த ஆள் மறுபடி ஓங்கினான். மறுபடி அடித்தான். மச்சான் அசையாமல் புன்னகைத்துக்கொண்டு நின்றார். ஒவ்வொரு அடிக்கும் அவர் தலையிலிருந்து தண்ணீர் தெறித்தது.

முதலில் சிரித்தது மேரி அண்ணி. விசிறியால் வாயை மூடிப் பார்த்தார், முடியவில்லை. பிறகு பெண்கள். பிறகு சித்தப்பா முறையான ஒருவர், சீடை புரையேறி வெளியே போனார். நான் எண்ணிக்கொண்டிருந்தேன். பழக்கம். பதினாறு அடி.

அடுத்த ஷாட்டில் நான்கு பேரும் சேர்ந்து நின்றார்கள். அவர்கள் வழியாகக் காவிரி போய்க்கொண்டிருந்தது. கோட்டுக்குள் அலை. சின்னப் பெண்ணின் கன்னத்தில் சூரியன் மினுங்கி மினுங்கி நகர்ந்தது. அறையில் சிரிப்பு நின்றுவிட்டது. யாரோ மூச்சை இழுக்கும் சத்தம் கேட்டது.

மச்சான் மட்டும் அதைப் பார்த்தாரா என்று எனக்குத் தெரியாது. அவர் இன்னும் அந்தப் பதினாறு அடியிலேயே இருந்தார். அந்த நேரம் பார்த்து செசிலி, இருட்டில், தன்னை மறந்து சொன்னாள்:

"இவ்வளவு நாளா எடுத்ததுலயே இதுதாங்க நல்ல படம்."

போர்வை அவிழ்ந்தது.

"தவறு என்னுடையது மச்சான்" என்று நோட்டை நீட்டினேன். கட்டம் கட்டமாக விளக்கினேன். அவர் நோட்டைப் பார்க்கவே இல்லை.

"நீங்க நல்லவரு மாப்ள. கேமராவைப் பெட்டியில வைங்க. அந்தப் புது ரோலை நானே போட்டுக்கறேன். கப்பல்ல எடுக்கலாம்."

அன்று இரவு டைரியில் நீர்மட்டம்கூட எழுதவில்லை.

மறுபடி பிளாட்பாரம்

ஜங்ஷனுக்கு நாங்களும் போனோம். மூட்டையெல்லாம் ஏற்றியாயிற்று. கேமரா மச்சானின் தோளில் தொங்கியது. செசிலி மூன்று நாளாக அதன் பக்கமே பார்க்கவில்லை. வண்டி கிளம்பச் சில நிமிடம் இருக்கும்போதுதான் ஜன்னலருகே போனாள்.

"அண்ணே, ஒரே ஒரு மூச்சு. நீ போறத எடுத்துக்கறேன். எடுத்துட்டுக் குடுத்துடறேன்."

"மொகம் தெரியணும்."

"தெரியும்."

கழற்றிக் கொடுத்தார். அவள் முழுச் சாவி கொடுத்தாள். இரண்டடி பின்னால் போனாள். மணி அடித்தது. மூச்சை இழுத்தாள். நான் கடிகாரத்தைப் பார்த்தேன்.

ஐந்தாவது விநாடியில் கை நீண்டது. "குடு செசிலி. வண்டி கிளம்பப் போவுது."

பதினொன்றில் வண்டி அசைந்தது.

"ஏய், குடு. மாப்ள, வாங்கிக் குடுங்க மாப்ள."

"ஷாட் ஓடுது மச்சான்" என்றேன். விதியை மீற எனக்கு அதிகாரம் இல்லை.

கை நகர ஆரம்பித்தது. செசிலி நின்ற இடத்திலேயே மெல்லத் திரும்பினாள். பதினெட்டு தாண்டியது. கழுத்து நரம்பு புடைத்தது. இருபத்தைந்து. ஜன்னலில் மச்சானின் முகம் முழுக்க வெளியே வந்திருந்தது. திட்டத்தான் வாயைத் திறந்தார். தங்கையின் முகத்தைப் பார்த்தார். அது எப்படிச் சிவந்திருக்கிறது என்று பார்த்தார். நீட்டிய கையின் விரல்கள் மெல்ல மடங்கின.

"இருபத்தேழு" என்று கத்தினார். "இருபத்தெட்டு!"

அதுவரை மனதுக்குள் எண்ணியிருக்க வேண்டும்; இப்போது வாய்க்கால் கரையில் நின்று எண்ணியது போலவே சத்தமாக எண்ணினார். தும்மவில்லை. அவருக்குப் பின்னாலிருந்து மேரி அண்ணியின் சிரிப்பு கேட்டது. முப்பத்தாறு வரை என் காதில் விழுந்தது. பிறகு எஞ்சின் ஊதியது. கடைசிப் பெட்டி பிளாட்பாரத்தைத் தாண்டிச் சரிவில் இறங்கியதும் செசிலி மூச்சை விட்டாள். இருமி, பெஞ்சில் உட்கார்ந்தாள்.

"எவ்வளவு?"

"நாற்பத்துநாலு."

"முப்பதைத் தாண்டினதே இல்லன்னு சொன்னான்." கண்ணைத் துடைத்துக்கொண்டாள். பிறகு மடியைப் பார்த்தாள். "ஐயோ, கேமரா."

அந்த ‘ஐயோ’வைப் பற்றி என் டைரியில் எந்தக் கருத்தும் இல்லை.

நாகப்பட்டினத்திலிருந்து, கப்பல் ஏறும் முன் எழுதிய கார்டு இரண்டாம் நாள் வந்தது. ‘நாற்பது வரை எண்ணினேன். அதற்கு மேல் நீ தெரியவில்லை. ஜெயித்தவள் வைத்துக்கொள். ரோலை வீணாக்காதே. நடு நடுவே முகமும் எடு. மேரி அந்தத் துணி துவைக்கிற படத்தைக் கேட்கிறாள், அனுப்பு.’

செசிலி அதன் பிறகு பல வருடம் எடுத்தாள். வேண்டுமென்றே ஒரே ரோலை மூன்று முறை ஓட்டுவதும் உண்டு. அதற்காக நோட்டில் ஒரு கட்டம் கூட்டினேன்.

அன்று வீட்டுக்கு வந்ததும் நோட்டை எடுத்து வழக்கம்போல் பூர்த்தி செய்தேன். இடம்: ஜங்ஷன். பொருள்: கை. மூச்சு: நாற்பத்துநான்கு. அதற்கு அடுத்து ‘ஓட்டம்’. அவள் தோளுக்குப் பின்னால், கேமராவிலிருந்து ஒரு சாண் தூரத்தில் என் காது இருந்தது. அந்தக் கிர்ரென்ற சத்தம் எப்போது நின்றது என்று எனக்குத் தெரியும். அப்போது வண்டி மெதுவாகத்தான் போய்க்கொண்டிருந்தது. ஓடினால் அந்தக் கையை எட்டிப் பிடித்திருக்கலாம். ‘செசிலி, நின்றுவிட்டது’ என்று நான் ஒரு வார்த்தை சொல்லியிருந்தால் போதும். சொல்லவில்லை. கட்டத்தைக் காலியாக விட்டேன்.

என் பதிவுகளில் தெரிந்தே நான் காலியாக விட்ட கட்டம் அது ஒன்றுதான். இந்தப் பத்திரிகை பினாங்குக்கும் போகிறது என்று ஆசிரியர் சொல்கிறார். ஆகவே இங்கேயே நிரப்பிவிடுகிறேன்.

இருபத்தொன்பது, மச்சான்.